வேன் நானாவைப் பற்றி நமக்கு என்ன தெரியும்?



கொஞ்சம் நீளமான பதிவு. இப்போது நேரமில்லாதவர்கள் சேவ் பண்ணி வைத்துவிட்டு இஷாவுக்குப் பிறகு ஆறுதலாக வாசியுங்கள். வீட்டில் முன்பள்ளிக்கோ, ஓதவோ, டியூஷனுக்கோ போகிற சின்னப் பிள்ளை இருந்தால் கட்டாயம் வாசியுங்கள்.

போன வாரம் ஊர் வட்ஸ்அப் குழுமங்களில் இரண்டு விளம்பரங்கள் சுற்றின. ஒன்று, புதிதாகத் திறக்கவிருக்கும் டே கெயார் சென்டருக்கு ஆட்கள் தேவை என்பது. கேட்ட தகைமைகள்: சாதாரண தரம் சித்தி, ஓரளவு ஆங்கிலம், பிள்ளைகளோடு அன்பாகப் பழகும் சுபாவம், ஊரைச் சேர்ந்தவர்களுக்கு முன்னுரிமை. "நேரில் வரவும்" என்று ஒரு போன் நம்பர். இரண்டாவது, கட்டாரில் கனரக வாகனச் சாரதி வேலை. பாஸ்போர்ட், லைசன்ஸ், மெடிக்கல், பழைய கம்பனியின் சேவைக் கடிதம், பொலிஸ் ரிப்போர்ட். இவை இல்லாதவர்கள் தொடர்புகொள்ள வேண்டாம் என்று தடித்த எழுத்தில் போட்டிருந்தார்கள்.

கட்டாரில் சீமெந்து லொறி ஓட்டப் போகிறவனிடம் பொலிஸ் ரிப்போர்ட் கேட்கிறார்கள். சீமெந்துக்கு ஒன்றும் ஆகிவிடாது. இங்கே நாலு வயதுப் பிள்ளையைக் காலை ஏழரை மணியிலிருந்து மாலை வரை ஒப்படைக்கப் போகிற இடத்தில் "அன்பாகப் பழகும் சுபாவம்" போதும். அந்தச் சுபாவத்தை யார் அளந்து பார்ப்பது? பிள்ளைகளுக்குத் தீங்கு செய்கிற ஆட்களில் அநேகம் பேர் பிள்ளைகளோடு மிக அன்பாகப் பழகுகிறவர்கள்தான். அப்படிப் பழகாவிட்டால் பிள்ளை பக்கத்தில் போகாதே.

விளம்பரம் போட்ட சகோதரியைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அவர் நல்ல எண்ணத்தோடுதான் திறக்கிறார். வேலைக்குப் போகும் உம்மாமாருக்கு அப்படி ஓர் இடம் நிச்சயம் தேவை. என் கேள்வி நம் எல்லோருக்குமானது.

நாங்கள் ஒன்றும் விசாரிக்கத் தெரியாத சமூகம் இல்லை. ஒரு மோட்டார் சைக்கிளை லீசிங்கில் எடுக்கப் போங்கள். கிரிப் ரிப்போர்ட் பார்ப்பார்கள், சம்பளப் பட்டியல் கேட்பார்கள், இரண்டு பிணையாளிகளைக் கொண்டுவரச் சொல்வார்கள். கல்யாணப் பேச்சு ஒன்று வந்தால் நாங்களே சீஐடி ஆகிவிடுகிறோம். மாப்பிள்ளை வேலை செய்யும் இடத்துக்கு ஆள் அனுப்புகிறோம். அவருடைய ஊர்ப் பள்ளி டிரஸ்டிக்குப் போன் எடுக்கிறோம். சிகரெட் குடிக்கிறாரா, சுபஹுக்கு வருகிறாரா, முன்பு எங்காவது பேச்சு நடந்து குழம்பியதா, ஏன் குழம்பியது என்று தோண்டித் துருவிக் கேட்கிறோம். இருபத்தைந்து வயதுப் பெண், வாயுள்ள பெண், பிடிக்காவிட்டால் திரும்பி வந்துவிடக்கூடிய பெண். அவளுக்கு இவ்வளவு விசாரணை. பேசவே சரியாக வராத பிள்ளையை ஏற்றிப் போகும் வேனுக்கு மாதக் காசு எவ்வளவு, ஏசி இருக்கிறதா என்ற இரண்டு கேள்விகளோடு முடிந்துவிடுகிறது.

ஒரு பிள்ளையின் ஒரு நாளை எண்ணிப் பாருங்கள். காலையில் வேன் சாரதி, சில வேன்களில் அவருக்கு உதவியாக ஒரு பொடியன். பாடசாலையில் ஆசிரியர்கள், சிற்றுண்டிச்சாலை ஆட்கள், காவலாளி, சுத்திகரிப்பு ஊழியர்கள். பகலைக்குப் பிறகு டே கெயார். அங்கே பார்த்துக்கொள்ளும் பெண்கள் மட்டுமல்ல, அந்த வீட்டில் வசிக்கிற ஆண்களும் இருப்பார்கள். நம் ஊர்களில் டே கெயார் என்பது பெரும்பாலும் ஒருவருடைய வீட்டின் முன் பகுதிதானே. அசருக்குப் பிறகு குர்ஆன் மத்ரஸா. மஃரிபுக்குப் பிறகு டியூஷன், அதுவும் சில இடங்களில் சேரின் அறையில் தனியாக. வசதியுள்ளவர்களுக்கு சனிக்கிழமை கராத்தே, நீச்சல். ஹிப்ழ் ஓதும் பிள்ளை என்றால் இரவும் அங்கேதான். பெற்றோர் அல்லாத பத்துப் பன்னிரண்டு பெரியவர்களின் கையில் ஒரு பிள்ளை ஒரு நாளைக்குள் மாறுகிறது. இதில் எத்தனை பேருடைய முழுப் பெயர் உங்களுக்குத் தெரியும்? "வேன் நானா", "ஓதிக் குடுக்கிற ஹஸரத்", "டே கெயார் ஆன்ட்டி", அதற்கு மேல் தெரியாது.

சட்டம் இல்லாத நாடு அல்ல இது. சிறுவர் உரிமைகள் பற்றிய ஐ.நா. சமவாயத்தை 1991இலேயே ஏற்றுக்கொண்டோம். 1995இல் தண்டனைச் சட்டக்கோவையைத் திருத்தி, சிறுவர் மீதான கொடுமையையும் பாலியல் குற்றங்களையும் தனியாக வரையறுத்துத் தண்டனைகளைக் கடுமையாக்கினார்கள். 1998ஆம் ஆண்டின் 50ஆம் இலக்கச் சட்டத்தால் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபை உருவானது. 1929 என்ற அவசர இலக்கம் இருக்கிறது. பாடசாலையில் பிரம்பைத் தடை செய்யும் சுற்றறிக்கை இருக்கிறது. கவனித்துப் பாருங்கள், இவற்றில் அநேகமானவை சம்பவம் நடந்த பிறகு வேலை செய்யத் தொடங்குபவை. கதவைத் திறந்து ஆளை உள்ளே எடுப்பதற்கு முன்னால் பார்க்கிற ஏற்பாடு எங்கே?

அங்கே வந்தால் ஒவ்வொன்றும் ஒவ்வொரு கையில். முன்பள்ளிகள் மாகாண சபைகளின் கீழ். கிழக்கில் முன்பள்ளிக் கல்விப் பணியகம் பார்க்கிறது, மற்ற மாகாணங்களில் வேறு வேறு ஏற்பாடு, வேறு வேறு நியதிச் சட்டம். குர்ஆன் மத்ரஸாக்களும் அரபுக் கல்லூரிகளும் முஸ்லிம் சமய பண்பாட்டலுவல்கள் திணைக்களத்தில் பதிகின்றன. ஞாயிறு அறநெறிப் பாடசாலைகள் அவரவர் சமயத் திணைக்களங்களில். டியூஷன் கொட்டிலைப் பெரும்பாலும் யாருமே பார்ப்பதில்லை. பதிவுக்கு வரும் அதிகாரி கட்டடத்தைப் பார்ப்பார், மலசலகூடத்தைப் பார்ப்பார், ஆசிரியையின் டிப்ளோமாவைப் பார்ப்பார். எல்லாம் தேவையானதுதான். ஆனால் நாடு முழுவதற்கும், பிள்ளைகளோடு வேலை செய்கிற எல்லோருக்கும் பொதுவாக, "இவர் முன்பு பிள்ளைகள் விடயத்தில் ஏதாவது செய்தவரா?" என்று கேட்கும் ஒரே சோதனை நம்மிடம் இல்லை.

இருப்பது ஜீஎஸ் சான்றிதழ். கிராம உத்தியோகத்தர் எழுதி, பிரதேச செயலாளர் மேலொப்பமிடுகிற நற்சான்றிதழ். ஜீஎஸ்மாரை நான் மதிக்கிறேன், அவர்கள் தலையில் நாடு எத்தனை வேலையைக் கட்டியிருக்கிறது என்பதும் தெரியும். ஆனால் அவருக்குத் தெரிந்தது அவருடைய பிரிவு. ஐந்து வருடம் குருநாகலிலோ பேருவளையிலோ வேலை செய்துவிட்டு வந்த ஒருவர் அங்கே எப்படி இருந்தார் என்று அக்கரைப்பற்று ஜீஎஸுக்கு எப்படித் தெரியும்? ஆள் ஊர்ப் பிள்ளை, வாப்பா நல்ல மனிதர், பொலிஸ் கேஸ் ஒன்றும் காதில் விழவில்லை. எழுதிக் கொடுத்துவிடுவார். நாமும் அதை வாங்கி ஃபைலில் போட்டுவிடுவோம்.

காகிதம் எவ்வளவு தூரம் பாதுகாக்கும் என்பதற்கு இங்கிலாந்தில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். 2002 ஓகஸ்டில் சோஹம் என்ற சிறிய ஊரில் பத்து வயதுச் சிறுமிகள் இருவர் கொல்லப்பட்டார்கள். கொன்றவர் இயன் ஹன்ட்லி, அந்த ஊர்க் கல்லூரியின் பராமரிப்பாளர். ஆசிரியர் அல்ல. கதவு திறக்கிற, பூட்டுகிற, உடைந்ததைத் திருத்துகிற ஆள். அவருடைய துணைவி அந்தப் பிள்ளைகளின் வகுப்பில் உதவி ஆசிரியையாக இருந்தவர் என்பதால் பிள்ளைகளுக்கு அவர் பழக்கப்பட்டவர். பிறகுதான் வெளியே வந்தது: 1995க்கும் 1999க்கும் இடையில் வேறொரு பிரதேசத்தில் அவர் மீது பல பாலியல் முறைப்பாடுகள் பொலிஸுக்கு வந்திருக்கின்றன. ஒன்றில்கூடத் தண்டனை வரவில்லை. ஒவ்வொன்றையும் தனித்தனியாகப் பார்த்துத் தனித்தனியாக மூடியிருக்கிறார்கள். அந்தப் பிரதேசப் பொலிஸ் தகவல்களைச் சரியாகப் பேணவுமில்லை. வேலைக்கு எடுக்கும்போது சோதனை செய்யவில்லையா? செய்தார்கள். நிக்ஸன் என்ற பெயரில் விண்ணப்பித்திருந்தார், ஹன்ட்லி என்ற பெயரில் தேடிப் பார்க்கவில்லை. முடிவு "ஒன்றுமில்லை" என்று வந்தது.

இதை விசாரித்த சேர் மைக்கல் பிச்சார்ட் 2004இல் அறிக்கை கொடுத்தார். அதிலிருந்துதான் 2006ஆம் ஆண்டின் சட்டம் வந்தது, பிள்ளைகளோடு வேலை செய்யத் தடை செய்யப்பட்டவர்களின் பட்டியல் ஒழுங்குக்கு வந்தது, 2012இல் டீபீஎஸ் என்ற இன்றைய அமைப்பு உருவானது. லண்டனில் இருக்கும் நம்மவர்களைக் கேட்டுப் பாருங்கள். பள்ளிவாசலில் மாலை மத்ரஸாவுக்கு ஓதிக் கொடுக்கப் போனாலும் டீபீஎஸ் கேட்பார்கள். யாரும் அதை அவமானமாக எடுத்துக்கொள்வதில்லை. அந்த அறிக்கை சொன்ன இன்னொரு விடயம் எனக்கு அதைவிட முக்கியமாகப் படுகிறது. ஆட்களை வேலைக்கு எடுக்கிற அதிபர்களுக்கும் நிர்வாகிகளுக்கும், ஆளை எப்படி நேர்முகம் காண்பது, எதை எப்படி விசாரிப்பது என்று பயிற்சி கொடுங்கள் என்றது. அதாவது கம்பியூட்டரை மட்டும் நம்பாதீர்கள் என்பதுதான்.

நம்பினால் என்ன ஆகும் என்பதற்கு அவுஸ்திரேலியா. அங்கே பிள்ளைகளோடு வேலை செய்கிற எல்லோருக்கும் அனுமதி அட்டை உண்டு. ஆனால் அதை வழங்குவது மாநிலங்கள், ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு முறை. 2025 ஜூலையில் மெல்பேர்னில் ஒரு பராமரிப்பு ஊழியர் மீது, கைக்குழந்தைகள் உட்பட எட்டுப் பிள்ளைகள் தொடர்பாக 70க்கும் மேற்பட்ட குற்றச்சாட்டுகள் சுமத்தப்பட்ட செய்தி வெளியானது. குற்றச்சாட்டுத்தான், தீர்ப்பு நீதிமன்றத்தின் வேலை. நான் சொல்ல வருவது வேறு. அவரிடம் செல்லுபடியான அட்டை இருந்தது. சில வருடங்களுக்குள் 20 நிலையங்கள் அளவில் மாறி மாறி வேலை செய்திருக்கிறார். எந்தப் பிள்ளை எந்த நாளில் அவருடைய கையில் இருந்தது என்று தேடி, முதலில் மட்டும் சுமார் 1,200 பிள்ளைகளுக்கு மருத்துவப் பரிசோதனை செய்யும்படி பெற்றோருக்குச் சொல்ல வேண்டி வந்தது. அந்த 1,200 வீடுகளின் அன்றைய இரவை நினைத்துப் பாருங்கள்.

ஆகவே "பொலிஸ் ரிப்போர்ட்டைக் கட்டாயமாக்கினால் எல்லாம் சரி" என்று நான் சொல்லவில்லை. முதல் தடவை செய்கிறவனுக்கு ரிப்போர்ட் சுத்தமாகத்தான் இருக்கும். பலதடவை செய்தும் பிடிபடாதவனுக்கும் சுத்தம்தான். நம் நாட்டில் சிறுவர் வழக்கு ஒன்று முடிவதற்குள் அந்தப் பிள்ளை ஓஎல் எழுதிவிடும், அதுவரை எதிரி சட்டப்படி குற்றவாளி அல்ல. ரிப்போர்ட் ஒரு சல்லடை. பெரிய கல்லைப் பிடிக்கும். அதற்காகவே அது தேவை. ஏற்கெனவே தண்டிக்கப்பட்ட ஒருவன் மாகாணம் மாறிப் போய் இன்னொரு முன்பள்ளிக்குப் பக்கத்தில் நிற்பதையாவது அது தடுக்கும். சின்னக் கல்லைப் பிடிக்க வேறு ஒன்று வேண்டும்.

அந்த வேறு ஒன்றுக்குச் செலவு ஒரு போன் கோல். "இவர் உங்களிடம் வேலை செய்தாராமே. ஏன் விலகினார்? திரும்ப வந்தால் எடுப்பீர்களா?" இந்த இரண்டு கேள்விகள். "சம்பந்தப்பட்டவர்களுக்கு" என்று தொடங்கும் சேவைக் கடிதத்தை யாரும் எழுதிக்கொடுப்பார்கள். ஆளை எப்படியாவது அனுப்பினால் போதும் என்று நினைக்கிறவர்கள் இன்னும் அழகாக எழுதிக்கொடுப்பார்கள். ஆனால் நேரே போனில் "திரும்ப எடுப்பீர்களா?" என்று கேட்டால் மறுபக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லாமல் இருக்கும். அந்த மௌனத்தை ஒரு அனுபவமுள்ள அதிபருக்கு விளங்கிக்கொள்ள முடியும்.

இங்கேதான் நம் நோய்க்கு வருகிறோம். மறுபக்கத்தில் இருக்கிறவர் உண்மையைச் சொல்ல மாட்டார்.

இது எப்படி நடக்கும் என்பது எல்லா ஊரிலும் எல்லோருக்கும் தெரியும். ஒருவரைப் பற்றி ஒரு பிள்ளை ஏதோ சொல்லும். உம்மா அழுதுகொண்டு வருவார். வாப்பா வெளிநாட்டில். நாலு பெரியவர்கள் ஒரு வீட்டில் கூடுவார்கள். "பெண் பிள்ளை, நாளைக்குக் கல்யாணம் கட்ட வேண்டும்" என்று ஒருவர். "ஆண் பிள்ளைதானே, மறந்துவிடும்" என்று இன்னொருவர், அதைச் சொல்ல எப்படி மனம் வருகிறதோ தெரியாது. "பொலிஸுக்குப் போனால் சிங்களப் பேப்பரில் வரும்" என்று மூன்றாமவர். கடைசியில் சம்பந்தப்பட்டவரைக் கூப்பிட்டு ஏசி, சில நேரம் அடித்து, மாதச் சம்பளத்தைக் கையில் கொடுத்து இரவோடு இரவாக பஸ் ஏற்றிவிடுவார்கள். பிரச்சினை தீர்ந்தது. எங்கள் ஊரின் பிரச்சினை தீர்ந்தது. அந்த பஸ் போய் நிற்கிற ஊரில் அடுத்த மாதம் ஒரு விளம்பரம் வரும்: ஆள் தேவை, அன்பாகப் பழகும் சுபாவம்.

அந்த மூன்றாமவரின் பயம் பொய் என்று நான் சொல்ல மாட்டேன். 2019 ஏப்ரலுக்குப் பிறகு நாங்கள் பட்டது கொஞ்சநஞ்சமல்ல. மத்ரஸா என்ற சொல்லைக் கேட்டாலே கெமராவைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். ஒருவன் செய்த தவறு ஒரு சமூகத்தின் தவறாகக் காட்டப்பட்டது. அந்தக் காயத்தோடுதான் "வெளியே தெரியக்கூடாது" என்ற எண்ணம் இன்னும் இறுகிப்போனது. விளங்குகிறது. ஆனால் அந்தக் காயத்துக்கு மருந்து கட்டுகிற செலவை யார் தலையில் போடுகிறோம்? எட்டு வயதுப் பிள்ளையின் தலையில். மூடி வைத்த ஒன்று ஐந்து வருடம் கழித்து வெடிக்கும்போது வருகிற அவமானம், அன்றைக்கே பொலிஸுக்குப் போயிருந்தால் வந்திருக்கக்கூடியதைவிடப் பல மடங்கு. கத்தோலிக்கத் திருச்சபை உலகம் முழுவதும் இதைத்தான் அனுபவித்தது. குற்றம் செய்த பாதிரிமாரை விட, அவர்களைப் பங்கு மாற்றி அனுப்பிய ஆயர்மாரைப் பற்றித்தான் பிறகு அதிகம் பேசப்பட்டது.

"ஒருவரின் குறையை இன்னொருவரிடம் சொல்வது புறம், ஹராம்" என்று சொல்லித் தப்பிக்கிறவர்களும் உண்டு. இதற்கு நான் ஃபத்வா சொல்ல வரவில்லை, அதற்குரியவர்கள் இருக்கிறார்கள். ஆனால் இமாம் நவவி (ரஹ்) அவர்கள் ரியாளுஸ் ஸாலிஹீனில் புறம் ஆகுமாகும் ஆறு சந்தர்ப்பங்களைத் தெளிவாக எழுதியிருக்கிறார்கள். ஆலோசனை கேட்கிறவருக்கு உண்மையைச் சொல்வதும், தீங்கிலிருந்து மக்களை எச்சரிப்பதும் அதில் அடங்கும். பாத்திமா பின்த் கைஸ் (ரழி) தம்மைப் பெண் கேட்டவர்களைப் பற்றி நபி (ஸல்) அவர்களிடம் ஆலோசனை கேட்டபோது, அவர்களின் குறைகள் அவருக்கு ஒளிவுமறைவின்றிச் சொல்லப்பட்டன. ஹதீஸ் கலையே ஆட்களை விசாரித்து வளர்ந்த கலை. அறிவிப்பாளர் ஒருவரின் ஞாபகசக்தி எப்படி, நாணயம் எப்படி, யாரிடம் படித்தார் என்று பெயர் பெயராக ஆராய்ந்து நூல் நூலாக எழுதிவைத்த உம்மத் நாங்கள். ஒரு செய்தியைக் கொண்டுவருகிறவரை அவ்வளவு விசாரித்தவர்களுக்கு, பிள்ளையைக் கொண்டுபோகிறவரை விசாரிப்பது மட்டும் எப்படிப் புறமாகும்?

இனி, எதிர்க்கருத்துகளில் எனக்கு உண்மையிலேயே கனமாகப் படுகிற ஒன்று. "பொலிஸ் ரெக்கோர்ட் என்று தொடங்கினால் யாரைப் பிடிப்பார்கள் தெரியும்தானே?" என்று கேட்கிறார்கள். சரியான கேள்வி. 2019 மே மாதத்தில் ஹசலக்கவில் கப்பல் சுக்கான் படம் போட்ட ஆடை அணிந்ததற்காக ஒரு பெண்ணைத் தர்மச் சக்கரம் என்று சொல்லிப் பிடித்து உள்ளே வைத்த நாடு இது. கவிஞரும் ஆசிரியருமான அஹ்னாப் ஜஸீமை 2020 மே மாதத்தில் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைது செய்தார்கள். ஒன்றரை வருடத்துக்கு மேல் உள்ளே இருந்து பிணையில் வந்தார். 2023 டிசம்பரில் புத்தளம் மேல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. "எப்போதாவது கைது செய்யப்பட்டவர் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கக்கூடாது" என்று ஒரு சட்டம் வந்தால், அவரைப் போன்றவர்கள் வகுப்பறைக்குள் கால் வைக்க முடியாது. வடக்கு கிழக்கில் யுத்த காலத்தில் பிடிபட்டு விடுபட்ட தமிழ் ஆசிரியர்களுக்கும் இதே கதிதான்.

அதனால்தான் எதைப் பார்ப்பது என்பதைச் சட்டத்திலேயே குறுக்கி எழுத வேண்டும். பிள்ளைகள் மீதான வன்முறை, பாலியல் குற்றம், கடத்தல், பிள்ளைகளுக்குப் போதைப்பொருள் கொடுத்தது, இந்த மாதிரியானவை மட்டும். அரசியல் வேண்டாம், பழைய கடன் வழக்கு வேண்டாம், இருபது வருடத்துக்கு முன் யாரோடோ கைகலப்பு வேண்டாம். பார்க்கிற வேலை பொலிஸ் நிலையத்தின் மேசையில் இல்லாமல், தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபை போன்ற ஓரிடத்தில் இருக்க வேண்டும். முதலாளிக்குப் போகும் பதில் "பொருத்தமானவர்" அல்லது "பொருத்தமற்றவர்" என்பதோடு நிற்க வேண்டும். விபரத்தை வட்ஸ்அப்பில் ஓடவிட ஒருவருக்கும் இடம் கொடுக்கக்கூடாது. 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் என்று ஒன்றை நாடு ஏற்கெனவே இயற்றியிருக்கிறது, அதற்கு ஒரு நல்ல வேலையும் கிடைக்கும். பொருத்தமற்றவர் என்று சொல்லப்பட்டவருக்கு மேன்முறையீடு கட்டாயம் வேண்டும். பொய்ப் பழி இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். ஆசிரியனாக இருக்கிற எனக்கும் அந்தப் பயம் உண்டு. ஒரு கோபக்கார வாப்பா பேஸ்புக்கில் எழுதினால் போதும், ஒரு சேரின் வாழ்க்கை முடிந்தது. ஆனால் முறையான விசாரணை இருக்கிற இடத்தில்தான் பொய்ப் பழியிலிருந்தும் ஒருவர் வெளியே வர முடியும். ஊர்க் கூட்டத்தில் அடித்து பஸ் ஏற்றப்படுகிறவர்களில் நிரபராதி ஒருவன் இருந்தால், அவன் எங்கே போய் முறையிடுவான்?

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். கிழக்கில் எத்தனையோ முன்பள்ளி ஆசிரியைகள் ஒரு மேசன் ஒரு வாரத்தில் உழைப்பதை விடக் குறைவான காசுக்கு ஒரு மாதம் வேலை செய்கிறார்கள். அவர்களிடம் போய் "உங்கள் காசில் கொழும்புக்கு எழுதி ரிப்போர்ட் எடுங்கள்" என்றால் அது அநியாயம். கட்டணத்தை அரசாங்கம் தள்ளுபடி செய்ய வேண்டும், அல்லது வேலைக்கு எடுக்கிறவர் கட்ட வேண்டும். சம்பளத்தை அந்தளவில் வைத்துக்கொண்டு நல்ல ஆட்களைத் தேடுகிறோம் என்று சொல்வதும் ஒரு நகைச்சுவைதான், அதைத் தனியாக எழுதுகிறேன். பிறகு, சோதனை என்றதும் இந்தப் பெண்களை மட்டும் வரிசையில் நிறுத்திவிட்டு, வேன்காரரையும் காவலாளியையும் சேர்மாரையும் ஹஸரத்மாரையும் விட்டுவிடுகிற வேலை வேண்டாம். சோஹமில் நடந்ததை மேலே சொன்னேன், அவர் கதவு பூட்டுகிற ஆள்.

சட்டம் வரும்போது வரட்டும். இந்த நாட்டில் சட்டமூலம் ஒன்று மேசையிலிருந்து பாராளுமன்றத்துக்குப் போவதற்குள் இரண்டு தேர்தல் முடிந்துவிடும். அதுவரை ஒருவரிடமும் அனுமதி கேட்காமல் செய்யக்கூடியவை இருக்கின்றன. ஆளை எடுக்கும்போது அடையாள அட்டையிலுள்ள முழுப் பெயரையும், முன்பு பாவித்த வேறு பெயர்களையும், கடைசி ஐந்து வருடம் இருந்த ஊர்களையும் எழுதி வாங்குங்கள். இடையில் ஒரு வருடம் காணாமல் போயிருந்தால் எங்கே இருந்தார் என்று கேளுங்கள். கடைசி இரண்டு இடங்களுக்கு நீங்களே போன் எடுங்கள், அவர் தருகிற நம்பருக்கு அல்ல, அந்த நிறுவனத்தின் நம்பரைத் தேடி எடுத்து. ஓதிக் கொடுக்கும் அறைக் கதவு மூடியிருக்கக்கூடாது, கண்ணாடி வைக்க முடியாவிட்டால் கதவையே கழற்றிவிடுங்கள், காற்றும் வரும். ஒரு பெரியவர் ஒரு பிள்ளையோடு தனியாக இருக்கிற நிலைமையே வராதபடி நேரசூசியைப் போடுங்கள். வேனில் கடைசியாக இறங்குகிற பிள்ளை எப்போதும் ஒரே பிள்ளையாக இருக்கிறதா என்று பாருங்கள். பல பெற்றோர் இதை யோசித்ததே இல்லை: கடைசிப் பத்து நிமிடம் அந்தப் பிள்ளை வேனில் தனியாகத்தான் வருகிறது.

நல்ல வேன் நானாமார் இதைக் கேட்டுக் கோபித்துக்கொள்வார்களா? நான் பேசிப் பார்த்தவரை இல்லை. ஒருவர் சொன்னார், "சேர், நானும் மூன்று பெண் பிள்ளைகளின் வாப்பா. கேளுங்கோ. கேட்டால்தான் எங்களுக்கும் மரியாதை. கண்டவனும் வேன் வாங்கி ஓட்டுறான்." கோபித்துக்கொள்கிறவர் இருந்தால், அவர் ஏன் கோபிக்கிறார் என்று இன்னும் ஒரு போன் எடுத்துப் பார்ப்பதில் தவறில்லை.

பள்ளிவாசல் சம்மேளனங்களில் பொறுப்பில் இருக்கிறவர்கள் இந்தப் பக்கத்தில் சிலர் இருக்கிறீர்கள். உங்களிடம் ஒரு வேண்டுகோள். ஒரு ஊரில் இருந்து இந்தக் காரணத்துக்காக ஒருவரை அனுப்புகிறீர்கள் என்றால் அவரை பஸ்ஸில் ஏற்றாதீர்கள். 1929க்கு எடுங்கள், அல்லது பொலிஸின் சிறுவர், பெண்கள் பிரிவுக்குப் போங்கள். பிள்ளையின் பெயரை வெளியிடாமல் முறைப்பாட்டைக் கொண்டுபோக வழி இருக்கிறது. பாதிக்கப்பட்டவர்களையும் சாட்சிகளையும் பாதுகாக்கிற சட்டமும் 2015இலிருந்து இருக்கிறது, 2023இல் அதைப் புதுப்பித்தும் இருக்கிறார்கள். அடுத்த ஊர் நிர்வாகி போன் எடுத்து "இவரை எடுக்கலாமா?" என்று கேட்டால், "எடுக்க வேண்டாம்" என்ற இரண்டு சொல்லையாவது சொல்லுங்கள்.

எங்கள் பாடசாலைப் பெற்றோர் கூட்டம் அடுத்த மாத முதல் சனிக்கிழமை. வேன் சாரதிகளின் பெயர், அடையாள அட்டை இலக்கம், வாகன இலக்கம், இறக்கும் ஒழுங்கு ஆகியவற்றுக்கு ஒரு படிவம் தயாரித்திருக்கிறேன். வேறு பாடசாலைகளில் பாவிக்க விரும்புகிறவர்கள் இன்பொக்ஸில் கேளுங்கள், அனுப்பிவைக்கிறேன். தமிழிலும் சிங்களத்திலும் இருக்கிறது.